சுவருக்குச் சொந்தக்காரர்

எங்கள் வீட்டை விலைக்குக் கேட்டு வந்த ஒருவரை, எங்களிடம் ஒரு வார்த்தை கேட்காமல் தெருமுனையிலேயே திருப்பி அனுப்பிவிட்டார் அந்த அம்மாள். வந்தவர் பழைய வீடுகளை வாங்கி, கதவு வேறு தூண் வேறு உத்தரம் வேறு என்று பிரித்து விற்கும் வியாபாரி. எங்கள் ஊர் நெரவியில் பஸ்ஸை விட்டு இறங்கி, "சைகோன் வீடு எதும்மா?" என்று எதிரே மீன் கூடையோடு வந்த பெண்மணியிடம் வழி கேட்டிருக்கிறார். வேறு யாரிடம் கேட்டிருந்தாலும் கையோடு கூட்டி வந்து விட்டிருப்பார்கள். இவர், "நாங்க விக்கிறதா இல்ல, போயிட்டு வாங்க" என்று சொல்லி, அந்த ஆள் அடுத்த பஸ் ஏறும் வரைக்கும் நகராமல் நின்றிருக்கிறார்.

விஷயம் வெகுநாள் கழித்துத்தான் அப்பாவுக்குத் தெரிந்தது. வீட்டை விற்கும் எண்ணம் அப்பாவுக்குக் கனவிலும் கிடையாது. ஆனாலும் கோபம் வந்துவிட்டது.

"விக்கிறேனா இல்லியான்னு நான்ல சொல்லணும்? ஒங்கள யாரும்மா சொல்லச் சொன்னா?"

"நீங்க மட்டும் தனியா எப்பிடி தம்பி விப்பீங்க? கூட்டுச் சொத்துல்ல?" என்றார் அவர். சங்கரா மீனுக்குச் செதில் எடுத்துக்கொண்டிருந்தவர் தலையைக்கூட நிமிர்த்தவில்லை.

அவர் கடலோர மீனவர் ஊரான கிளிஞ்சல்மேட்டிலிருந்து மீன் விற்க வருகிறவர். எங்கள் தெருவில் மேட்டுக்காரம்மா என்றுதான் அவரைச் சொல்வோம். நல்ல உயரம், அலுமினிய அன்னக்கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு கையை வீசி நடப்பார். மற்ற மீன்காரப் பெண்கள் அப்பாவை ஐயா என்பார்கள். கொல்லைப்பக்கம் வந்து குரல் கொடுப்பார்கள். இவர் மட்டும் முன்வாசல் வழியாக வருவார். அப்பா இவருக்குத் தம்பி, அம்மா தங்கச்சி. காரைக்காலுக்குத் தினமும் ஆபீஸ் போய்வந்துகொண்டிருந்த நான் பாப்பா. அம்மா அவரை அக்கா என்று கூப்பிட ஆரம்பித்துவிட்டாள். அப்பா மட்டும் "ஏம்மா" என்பதோடு நிறுத்திக்கொண்டார்.

சைகோன் வீடு என்பது எங்கள் வீட்டுக்கு ஊர் வைத்த பெயர். என் கொள்ளுத்தாத்தா பிரெஞ்சுக்காரர்களிடம் சைகோனில் உத்தியோகம் பார்த்துவிட்டுத் திரும்பி வந்து கட்டியது. வாசலில் உருண்டையாக நான்கு தூண்கள், ஆளுயரப் பலகை ஜன்னல்கள், மரப்படி ஏறிப் போனால் மாடியில் ஒரு கல்யாணம் நடத்தும் அளவுக்குக் கூடம். சுற்றிலும் வயல். சித்திரை வெயிலில் வந்து சுவரில் கன்னத்தை வைத்தால் சில்லென்று இருக்கும். யார் விருந்தாளியாக வந்தாலும் அப்பா அவர்களுக்கு வீட்டைச் சுற்றிக் காட்டாமல் சாப்பாடு போடமாட்டார். கதை எப்போதும், "தாத்தா கப்பல்லேருந்து எறங்குனாரு பாருங்க..." என்றுதான் தொடங்கும். கேட்டுக் கேட்டு எங்களுக்கு மனப்பாடம். ஆனாலும் அந்த இடத்தில் எனக்குள் ஏதோ நிமிர்ந்துகொள்ளும். இல்லை என்று சொன்னால் பொய்.

இந்தக் கதை நடக்கும்போது மேட்டுக்காரம்மா அங்கே இருந்துவிட்டால் தீர்ந்தது.

"சைகோன்லேருந்து காசு வந்துச்சு. இல்லேங்கல," என்பார். "சுவரு எங்கேர்ந்து வந்துச்சு? அதக் கேளுங்க."

விருந்தாளிகள் கேட்பார்கள். கேட்காமல் இருக்க முடியாது, அப்படி ஒரு குரல் அவருக்கு. சிமெண்ட் இல்லாத காலத்தில் சுண்ணாம்பு வைத்துத்தான் எல்லா வீட்டையும் கட்டினார்கள். சுண்ணாம்புக்குக் கிளிஞ்சல் வேண்டும். அவருடைய முன்னோர்களில் ஆண்கள் கடலுக்குப் போனால் பெண்கள் கரையில் கிளிஞ்சல் பொறுக்குவார்களாம். கரையிலேயே காளவாய் போட்டுச் சுட்டு, கூடை கூடையாகத் தலையில் சுமந்து இங்கே கொண்டுவந்து கொட்டினார்களாம். "எங்க வீட்டுப் பொம்பளைங்க கழுத்து வலிதான் இந்தத் தூணு," என்று முன்தூணைத் தட்டிக் காட்டுவார். வாங்குகிற மாட்டை முதுகில் தட்டிப் பார்ப்பது போல இருக்கும் அது.

இதோடு நிறுத்தியிருந்தால் அப்பாவும் பொறுத்துக்கொண்டிருப்பார். காரைக்கால் பக்கத்தில் பழசாக, வெள்ளையாக எது நின்றாலும் அது மேட்டுக்காரம்மாவுக்கு "எங்க வீடு"தான். மாதா கோயில், கடைத்தெருவில் நிற்கும் பெரிய மரைக்காயர் வீடு, ஆற்றங்கரைப் பக்கத்துப் பழைய அரசாங்கக் கச்சேரிக் கட்டடம் எல்லாமே. ஒருநாள் பஸ்ஸில் என் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு வழியெல்லாம் ஒவ்வொன்றாகக் காட்டிக்கொண்டே வந்தார். புதிதாகக் கட்டிய ஒரு கல்யாண மண்டபம் வந்தது. நானும் கிண்டலாக, "இதுவும் ஒங்க வீடா?" என்று கேட்டேன்.

எட்டிப் பார்த்துவிட்டு, "சேச்சே, இது எங்க வீடு இல்ல," என்றார். "அதான் இப்பிடி இருக்கு."

பஸ்ஸே சிரித்தது. அவர் சிரிக்கவில்லை.

பாரிஸிலிருந்து என் ஒன்றுவிட்ட அண்ணன் ஒருமுறை விடுமுறைக்கு வந்திருந்தான். அங்கேயே பிறந்து வளர்ந்தவன், தமிழ் அரைகுறை. மேட்டுக்காரம்மா அவனுக்குத் தன் பங்குக்கு வீட்டைச் சுற்றிக் காட்டினார். மாடிக்கு ஏற்றி, முற்றத்துக்கு இறக்கி, எந்தச் சுவருக்கு எந்தப் பாட்டி சுமந்தாள் என்பது வரைக்கும் சொன்னார். அதில் பாதியாவது அவர் அப்போதே கட்டிய கதையாக இருக்கும். அவன் வாயைப் பிளந்து கேட்டுவிட்டு, அவரை முன்தூணில் சாய்ந்து நிற்கச் சொல்லிப் படம் எடுத்தான். அந்தப் படத்தைப் பெரிதாக்கிப் பாரிஸ் வீட்டில் மாட்டி, வருகிறவர்களிடமெல்லாம் எங்கள் குடும்பத்தின் மூத்த அத்தை என்று சொல்லிக்கொண்டிருந்தான் என்பது பிறகுதான் தெரிந்தது. அப்பா தலையில் அடித்துக்கொண்டார். நான் போனில் அவனிடம் திருத்திச் சொல்லப் போனேன். அம்மா ரிசீவரைப் பிடித்துக்கொண்டு, "விடுடி, என்ன குறைஞ்சு போச்சு?" என்றாள்.

பொங்கலுக்கு முன்னால் வெள்ளையடிக்கும் நாள்தான் அவருடைய உரிமை முழுசாக வெளியே வரும் நாள். அவருடைய குடும்பத்தின் காளவாய் அவர் பிறப்பதற்கு முன்பே போய்விட்டது. ஆனால் வருஷம் ஒருமுறை, வீட்டுக் கொல்லையில் வறட்டி அடுக்கிக் கொஞ்சம் கிளிஞ்சலைச் சுட்டு, நீர் விட்டு நீற்றிக் கரைத்து, ஒரு பானைச் சுண்ணாம்பு கொண்டுவருவார். வெள்ளையடிக்கும் மட்டையை அதில் தோய்த்து வாசல் தூணில் முதல் கை அவர்தான் போடவேண்டும். அதற்குப் பிறகு வெள்ளையடிக்கிறவர் கடைச் சுண்ணாம்பை வைத்து என்ன வேண்டுமானாலும் செய்துகொள்ளலாம். ஒரு வருஷம் அப்பா, எல்லாரும் அடிக்கிறார்களே என்று டப்பா பெயிண்ட் வாங்கி வைத்திருந்தார். மேட்டுக்காரம்மா டப்பாவைக் காலால் ஓரமாகத் தள்ளினார்.

"கண்ட ஆளு சாமானையெல்லாம் எங்க வீட்டு மேல பூசாதீங்க, தம்பி."

"என் வீடும்மா இது!" என்று அப்பா கத்தியேவிட்டார்.

"ஒங்க வீடும்தான். யாரு இல்லேன்னா?" என்று சொல்லிவிட்டு முதல் கையைப் போட்டார். பெயிண்ட் டப்பா வெகுகாலம் மாடிப்படிக்கு அடியில் கிடந்தது.

சுனாமி வந்த ஞாயிற்றுக்கிழமை காலையில் அவர் எங்கள் வாசலில் உட்கார்ந்து மீன் அரிந்துகொண்டிருந்தார். அதனால்தான் பிழைத்தார். தெருவில் யாரோ, "கடல் ஊருக்குள்ள வந்துடுச்சாம்!" என்று கத்திக்கொண்டு ஓடினார்கள். அருவாமனையையும் கூடையையும் அப்படியே போட்டுவிட்டு அவர் ஓடினார். அப்பா பின்னாலேயே சைக்கிளில் போனார். போலீஸ்காரர்கள் காரைக்காலுக்கு அப்பால் விடவில்லை என்று திரும்பி வந்துவிட்டார்.

விளக்கு வைக்கும் நேரத்தில் எங்கள் வாசலில் கூட்டம் தெரிந்தது. மேட்டுக்காரம்மா முன்னால் நின்றார். பின்னால் அவருடைய தெருக்காரர்கள், அண்ணன் குடும்பம், கைக்குழந்தைகளோடு பெண்கள். கட்டிய துணியெல்லாம் சேறு. அவருடைய கூடப்பிறந்த தங்கை அந்தக் கூட்டத்தில் இல்லை. அவள் கிடைக்கவே இல்லை என்பதை அவர் அன்றைக்குச் சொல்லவில்லை. அவர் கேட்டைத் தள்ளிக்கொண்டு வந்துவிட்டார், மற்றவர்கள் வரவில்லை. இவ்வளவு பெரிய வீட்டுக்குள் இந்தக் கோலத்தில் நுழைவதா என்று ரோட்டிலேயே கூசி நின்றார்கள்.

அவர் திரும்பிப் பார்த்தார். "யாரு வீட்டு வாசல்ல நிக்கிறீங்க? நம்ம வீடு. கால கழுவிட்டு உள்ள வாங்க."

அந்தக் குரலில் கெஞ்சல் இல்லை, அழுகை இல்லை. தினமும் மீன் விற்கும் குரல்தான். ஒவ்வொருவராக உள்ளே வந்தார்கள். இத்தனை வருஷம் அந்த வார்த்தைக்குச் சண்டை போட்ட அப்பா போய் மாடிக் கூடத்தைத் திறந்துவிட்டார். எங்கள் வீட்டைப் பற்றி நான் எத்தனையோ தடவை பெருமைப்பட்டிருக்கிறேன். அன்றைக்குப் பட்ட பெருமை வேறு. அது கொள்ளுத்தாத்தாவைப் பற்றியது இல்லை.

மாடி நிறைந்துவிட்டது. அம்மாவும் அந்தப் பெண்களும் சேர்ந்து கொல்லையில் அடுப்பு மூட்டிச் சமைத்தார்கள். பிள்ளைகள் கூடத்துச் சுவரில் கரியால் படகு படகாக வரைந்தார்கள். சுவரில் ஆணி அடித்தாலே ஆடுகிற அப்பா, அதைப் பார்த்துவிட்டு இறங்கிப் போய்விட்டார்.

தவறு நடந்தது அதற்குப் பிறகுதான். பாதிக்கப்பட்டவர்களைக் கணக்கெடுக்க ஓர் அலுவலர் தெருத்தெருவாக வந்தார். அப்பா வயலில் இருந்தார், நான் ஆபீஸில், அம்மா கொல்லையில். வாசலில் இருந்தது மேட்டுக்காரம்மாதான்.

"இங்க வீடு எழந்தவங்க யாரும் தங்கியிருக்காங்களாம்மா?"

"அதெல்லாம் இல்லீங்க. நாங்க சொந்த வீட்ல இருக்கோம்," என்று சொல்லியிருக்கிறார்.

அவர் பொய் சொல்லவில்லை. முகாமில் இருப்பவர்கள், நிவாரணம் வாங்குகிறவர்கள் என்று தன் ஆட்களை யாரும் சொல்லிவிடக்கூடாது என்பது ஒன்றுதான் அப்போது அவர் மனசில் இருந்தது. அலுவலர் அண்ணாந்து தூணையும் மாடியையும் பார்த்திருக்கிறார். சொந்தக்காரர் மாதிரி நிமிர்ந்து நின்ற அம்மாளையும் பார்த்திருக்கிறார். நம்பிப் போய்விட்டார்.

மற்ற கிளிஞ்சல்மேட்டுக்காரர்களுக்கு அரிசியும் பாத்திரமும் கிடைத்து, தற்காலிகக் கொட்டகையும் ஒதுக்கியபோதுதான் விஷயம் புரிந்தது. மாடியில் இருந்தவர்கள் யாருடைய பெயரும் கணக்கில் இல்லை. அரிசியை விட்டுத்தள்ளலாம், எங்கள் வீட்டில் இருந்தது. ஆனால் இப்போது பெயர் விட்டுப்போனால், பின்னால் கட்டிக்கொடுக்கப்போகும் வீடும் கிடையாது என்று எல்லாரும் சொன்னார்கள்.

அவருடைய அண்ணன் மகன் முற்றத்தில் நின்று கத்தினான். படகையும் வலையையும் கடலுக்குக் கொடுத்துவிட்டு நின்றவன், அவன் கத்தாமல் யார் கத்துவார்கள்?

"ஒங்க வாய்ப் பெருமைக்கு எங்க புள்ளைங்க தெருவுல நிக்கணுமா, அத்தை? யாரு வீடு இது? சொல்லுங்க, யாரு வீடு?"

சுவரில் சாய்ந்திருந்தவர் சுவரை விட்டு விலகி நின்றார்.

அப்பா போய் விவரம் சொல்லி, அந்த அலுவலரை மறுபடி அழைத்து வந்தார். நல்ல மனிதர், உடனே வந்தார். "நீங்க ஒண்ணும் பேச வேணாம்மா, நான் சொல்லிக்கிறேன்," என்று அப்பா மேட்டுக்காரம்மாவிடம் சொன்னார்.

"நாந்தான சொன்னேன். நாந்தான் மாத்திச் சொல்லணும்."

முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு அவர் படி இறங்கினார். வாசலைத் தாண்டி, கேட்டைத் தாண்டி, ரோட்டில் போய் நின்றார். அங்கேயிருந்து சொன்னார்.

"இது எங்க வீடு இல்லீங்க. எங்களுக்கு வீடு இல்ல. கடல் கொண்டுட்டுப் போயிடுச்சு." பிறகு அப்பாவைப் பார்த்து, "ஐயா, நீங்களும் சொல்லுங்க ஐயா," என்றார்.

அப்பா தலையை மட்டும் ஆட்டினார்.

பெயர்கள் எல்லாம் ஏறின. கொட்டகை கிடைத்தது, மாடி காலியாயிற்று. கொஞ்ச காலம் கடல் மீனை யாரும் வாங்கவில்லை. பிறகு வாங்க ஆரம்பித்தார்கள், மேட்டுக்காரம்மாவும் கூடையோடு வந்தார். ஆனால் கொல்லைப்பக்கமாக வந்தார். "அம்மா, மீனு," என்று குரல் கொடுத்தார். அப்பா எதிர்ப்பட்டால் ஒதுங்கி நின்று ஐயா என்றார். எங்கள் வீட்டில் யாருக்கும் அந்த மீன் தொண்டையில் இறங்கவில்லை. தம்பி என்று கூப்பிட்ட காலத்தில் எரிந்து விழுந்த அப்பா, ஐயா என்று கூப்பிட்டதும் ஒடிந்தே போனார். "என்ன ஐயாங்குது, பாத்தியா?" என்று அம்மாவிடம் வந்து முறையிடுவார். பள்ளிக்கூடத்தில் அடி வாங்கி வந்த பிள்ளை மாதிரி இருக்கும். விருந்தாளிகள் வந்தால் வீட்டைச் சுற்றிக் காட்டுவதையும் விட்டுவிட்டார். கப்பல் கதையைத் தொடங்கினால் குறுக்கே வெட்டிப் பேச ஆள் வேண்டுமே.

அந்தத் தை மாதம் கடற்கரை ஊர்களில் எங்கும் பொங்கல் இல்லை. நாங்களும் வெள்ளையடிக்கவில்லை. அடுத்த வருஷம் வெள்ளையடிக்கிறவர் சுண்ணாம்பும் மட்டையுமாக வந்து நின்றார். அப்பா அவரைச் சுவரைத் தொட விடவில்லை.

"முதல் கை போட ஆளு வரல. இருங்க," என்றார்.

அன்றைக்கு மத்தியானமே நாங்கள் மூன்று பேரும் கிளிஞ்சல்மேட்டுக் கொட்டகைக்குப் போனோம். அம்மா தட்டில் வெற்றிலை பாக்கு, பூ, பழம், ஒரு புடவை வைத்துக்கொண்டாள். வீட்டு விசேஷத்துக்குப் பங்காளிகளை அழைக்கப் போகும்போது வைப்பது அப்படித்தான். தகரக் கொட்டகைக்குள் மேட்டுக்காரம்மா கருவாடு பிரித்துக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்துப் பதறி எழுந்தார்.

"என்னங்கம்மா இது? எனக்கு எதுக்கும்மா தட்டு?"

அம்மா அப்பாவைப் பார்த்தாள். அப்பாவுக்கு இதெல்லாம் வராது. எதையும் நேராகக் கேட்டுப் பழக்கமில்லாத மனிதர். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"சைகோன்லேருந்து காசு வந்துச்சு," என்றார். "சுவரு எங்கேர்ந்து வந்துச்சுன்னு கேக்க வந்திருக்கேன், அக்கா."

அக்கா என்று அவர் கூப்பிட்டு நான் கேட்டது அன்றைக்குத்தான். எனக்குக் கண் நிறைந்துவிட்டது. அப்பாவை நினைத்து அவ்வளவு பெருமையாக இருந்தது. மேட்டுக்காரம்மா தட்டை வாங்கிக்கொண்டார். வருகிறேன் என்றும் சொல்லவில்லை, வரமாட்டேன் என்றும் சொல்லவில்லை. கருவாட்டுக் கையைத் துடைத்துக்கொண்டு, எங்களுக்குக் காபி போட்டுக் கொடுத்தார்.

போகிக்கு முதல் நாள். வெள்ளையடிக்கிறவர் காலையிலிருந்து பீடி குடித்துக்கொண்டு மரத்தடியில் உட்கார்ந்திருந்தார். அப்பா வாசலுக்கும் ரோட்டுக்குமாக நடந்துகொண்டிருந்தார். வெயில் ஏறியது. இனி வரமாட்டார் என்று நான் ஆபீஸுக்குக் கிளம்பிச் செருப்பு மாட்டிக்கொண்டிருந்தேன்.

முன்வாசல் கேட் கிரீச்சிட்டது.

தலையில் பானையோடு வந்தார். பானையை இறக்கி வைத்தார். புடவைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு தூணைச் சுற்றி வந்தார். மழைக்குப் பாசி பிடித்திருந்த இடத்தை நகத்தால் சுரண்டினார். விறுவிறுவென்று மாடி ஏறி, கூடத்துச் சுவரில் இன்னும் அழிக்காமல் இருந்த கரிப் படகுகளுக்கு முன்னால் கொஞ்ச நேரம் நின்றார். பிறகு இறங்கி வந்து, இடுப்பில் கையை வைத்துக்கொண்டு, தெருவுக்கே கேட்கும்படி கேட்டார்.

"ஒரு வருஷம் நான் பாக்காம விட்டா, எங்க வீட்ட இப்பிடியா போட்டு வச்சிருப்பீங்க, தம்பி?"

அப்பா கையைக் கட்டிக்கொண்டு நின்று அந்தத் திட்டை வாங்கிக்கொண்டார். ஒரு மனிதர் அவ்வளவு சந்தோஷமாகத் திட்டு வாங்கி நான் பார்த்ததே இல்லை.